ஃபிளாக் மாவட்டத்துக்குக் கலெக்டர் யார்?

யாரும் இல்லை. மொரிஷியஸில் மாவட்டம் உண்டு, மாவட்ட ஆட்சியர் இல்லை. தாசில்தார் இல்லை, கிராம நிர்வாக அலுவலரும் இல்லை. தமிழ்நாட்டிலிருந்து வேலைக்கோ திருமணத்துக்கோ இங்கே வந்து சேர்கிறவர்கள் முதலில் தடுமாறுவது இந்த இடத்தில்தான். ஒரு காகிதத்தில் கையெழுத்து வேண்டுமென்றால் “மாவட்ட ஆபீஸ் எங்கே?” என்று கேட்கிறார்கள். அப்படி எல்லாவற்றுக்கும் பொதுவான ஒரு ஆபீஸ் எந்த ஊரிலும் கிடையாது. இங்கேயே பிறந்து வளர்ந்தவர்களும் முழுவதும் தெரிந்துவைத்திருக்கிறார்கள் என்று சொல்ல முடியாது. பாதிப் பேர் கிராமக் கவுன்சில் வாசலில் போய் நின்று, அதன் கையில் இல்லாத காரியத்துக்காக அதைத் திட்டிவிட்டு வருகிறார்கள்.

தீவில் ஒன்பது மாவட்டங்கள். போர்ட் லூயிஸ், பாம்ப்ளமூஸ், ரிவியேர் து ராம்பார், ஃபிளாக், கிரான் போர், சவான், பிளேன் வில்லம்ஸ், மோக்கா, ரிவியேர் நுவார். ரொத்ரிக் தனித் தீவு, அதற்குத் தனி மன்றம். இவற்றில் பரப்பில் பெரியது கிழக்கே இருக்கும் ஃபிளாக், ஏறத்தாழ 298 சதுர கிலோமீட்டர். 2011 கணக்கெடுப்பில் மக்கள்தொகை 1,35,406. அதே கணக்கில் தலைநகர் இருக்கும் போர்ட் லூயிஸ் மாவட்டத்தின் தொகை சுமார் 1,18,000தான். கரும்புக் காடு என்று நகரத்தார் நினைக்கிற ஃபிளாக்கில் தலைநகரை விட ஆள் அதிகம். தெற்கே சவான் 245 சதுர கிலோமீட்டர், ஆனால் 67,906 பேர்தான். சதுர கிலோமீட்டருக்கு ஃபிளாக்கில் சுமார் 454 பேர், சவானில் 277 பேர். இரண்டுமே ‘கிராமப்புற மாவட்டம்’தான். ஆனால் பஸ் போக்குவரத்துக்கோ குப்பை வண்டிக்கோ திட்டம் போடுகிறவர் இரண்டையும் ஒரே தட்டில் வைக்க முடியாது.

சரி, கலெக்டர் இல்லாத மாவட்டம் எதற்குப் பயன்படுகிறது? மூன்று காரியங்களுக்கு. மாவட்ட நீதிமன்றம், பிறப்பு இறப்பு திருமணப் பதிவு, புள்ளிவிவரம். மற்ற ஒவ்வொரு துறையும் தனக்கென்று ஒரு வரைபடம் வைத்திருக்கிறது, ஒன்றின் எல்லை இன்னொன்றோடு ஒட்டாது. போலீசுக்கு ஃபிளாக் ‘கிழக்குப் பிரிவு’. கல்வி அமைச்சுக்கு அது இரண்டாம் மண்டலம், அந்த மண்டலத்தில் மோக்காவும் வரும், மலைக்கு அந்தப் பக்கம் இருக்கிற போ பசான் – ரோஸ் ஹில்லும் வரும். தேர்தல் ஆணையத்துக்கு மாவட்டமே கிடையாது, இருபது தொகுதிகளும் ரொத்ரிக்கும்தான். ஃபிளாக்கின் மக்கள் 9ஆம் தொகுதியான ஃபிளாக் – போன் அக்கெய்யிலும், 10ஆம் தொகுதியான மொன்தாஞ் பிளான்ஷ் – கிரான் ரிவியேர் சுத் எஸ்டிலும் பிரிந்து கிடக்கிறார்கள். அந்த 10ஆம் தொகுதியின் பெயரில் முதலில் வரும் மொன்தாஞ் பிளான்ஷ் மோக்கா மாவட்டத்து ஊர்.

இதை விட வேடிக்கை கிராம எல்லை. ஒரு கிராமக் கவுன்சிலின் எல்லை மாவட்டக் கோட்டைத் தாண்டிப் போகலாம், பல இடங்களில் போகவும் போகிறது. ஏழு வண்ண மண்ணுக்குப் பெயர்போன ஷாமரெல் ஊரின் மேற்குப் பகுதி ரிவியேர் நுவார் மாவட்டம், கிழக்குப் பகுதி சவான் மாவட்டம், கவுன்சிலோ அதற்கு மேல்தட்டான சவான் மாவட்டக் கவுன்சிலின் கீழ். வடக்கே கிரான் பேயும் அப்படித்தான். பெரும்பகுதி ரிவியேர் து ராம்பாரில், மேற்கு ஓரம் பாம்ப்ளமூஸில். ஆகவே புள்ளிவிவரத் துறை வெளியிடும் ‘மாவட்ட வாரி’ அட்டவணையையும் ‘கிராமக் கவுன்சில் எல்லை வாரி’ அட்டவணையையும் பக்கத்தில் வைத்துக் கூட்டிப் பார்த்தால் எண்கள் ஒத்துவராது. அது கணக்குப் பிழை இல்லை. கிராமங்களின் தொகையைக் கூட்டி மாவட்டத் தொகை என்று எழுதிவிடுகிற கட்டுரைகளை அடிக்கடி பார்க்க முடிகிறது. அந்தக் கூட்டல் மாவட்டக் கவுன்சில் எல்லையின் தொகை, மாவட்டத்தின் தொகை இல்லை. கோவில் சங்கமோ இளைஞர் மன்றமோ நிதி கேட்டு மனு எழுதும்போது எந்த அட்டவணையிலிருந்து எண் எடுத்தோம் என்று ஒரு வரி சேர்த்துவிடுவது நல்லது.

‘கிராமப்புறம்’ என்பதற்கும் இங்கே சட்டப் பொருள்தான், வயல்வெளிப் பொருள் இல்லை. போர்ட் லூயிஸ் மாநகரம், போ பசான் – ரோஸ் ஹில், காத்ர் போர்ன், வாக்குவா – ஃபீனிக்ஸ், கியுர்பிப். இந்த ஐந்து நகர மன்றங்களுக்கு வெளியே இருக்கும் நிலம் எல்லாம் கிராமப்புறம். அப்படிப் பார்த்தால் தீவில் பத்தில் கிட்டத்தட்ட ஆறு பேர் கிராமத்தார். 20,000 பேருக்கு மேல் வசிக்கும் திரியோலே கிராமம். ஹோட்டலும் ஷாப்பிங் மாலும் நெருக்கியடிக்கிற கிரான் பே கிராமம். சென்டர் த ஃபிளாக்கில் ஞாயிற்றுக்கிழமைச் சந்தை நாளில் கார் நிறுத்த இடம் தேடி அலைகிறவருக்கு அது கிராமம் என்று சொன்னால் சிரிப்பார்.  கிராமத்து வீட்டுக்குச் சொத்து வரி கிடையாது. வரி இல்லாத இடத்தில் கவுன்சிலுக்குச் சொந்த வருமானமும் பெரிதாக இருக்காது. வியாபார உரிமக் கட்டணம், அனுமதிக் கட்டணம், சந்தைக் கடை வாடகை, அவ்வளவுதான். மிச்சமெல்லாம் மத்திய அரசின் மானியம். மானியம் கொடுக்கிறவர் கை மேலே இருக்கும் என்பதைச் சொல்லத் தேவையில்லை.

இப்போது நடைமுறையில் இருப்பது 2011ஆம் ஆண்டு உள்ளாட்சிச் சட்டம். அதற்கு முன் நான்கு மாவட்டக் கவுன்சில்கள்தான், மோக்காவும் ஃபிளாக்கும் சேர்ந்து ஒன்று. சட்டம் அவற்றை ஏழாகப் பிரித்தது. பழைய காகிதங்களில் ‘மோக்கா – ஃபிளாக் மாவட்டக் கவுன்சில்’ என்று முத்திரை இருந்தால் பயப்பட வேண்டாம், அந்தக் காலத்து அனுமதி. நகல் வேண்டுமென்றால் நிலம் இன்று எந்தக் கவுன்சிலில் விழுகிறதோ அங்கே கேட்க வேண்டும். கவுன்சில் அலுவலகம் இருக்கும் ஊர் ஃபிளாக்குக்குச் சென்டர் த ஃபிளாக், மோக்காவுக்குக் கார்த்தியே மிலித்தேர், கிரான் போருக்கு ரோஸ் பெல், ரிவியேர் நுவாருக்கு பம்பு, சவானுக்கு சுயாக், ரிவியேர் து ராம்பாருக்கு மாப்பு.

கீழ்த்தட்டில் 130 கிராமக் கவுன்சில்கள். ஒவ்வொன்றுக்கும் மக்கள் ஒன்பது பேரைத் தேர்ந்தெடுக்கிறார்கள். ஆயிரம் பேர்கூட இல்லாத ஷாமரெலுக்கும் ஒன்பது, திரியோலேவுக்கும் ஒன்பது. இதை யாரும் பெரிய குறையாகப் பேசுவதில்லை. ஆனால் சின்ன ஊரில் உறுப்பினர் வீட்டுக் கதவைத் தட்டலாம், பெரிய ஊரில் அவர் பெயரே தெரியாது. கிராமக் கவுன்சிலர்கள் தங்களுக்குள் தேர்ந்தெடுத்து அனுப்புகிறவர்களே மாவட்டக் கவுன்சில். மாவட்டக் கவுன்சிலுக்கு நேரடித் தேர்தல் கிடையாது. தேர்தலும் கடிகாரம் போல வருவதில்லை. 2012 டிசம்பர் 2ஆம் தேதிக்கு அடுத்த கிராமத் தேர்தல் 2020 நவம்பர் 22ஆம் தேதிதான் நடந்தது. 2011 சட்டம் செய்த உருப்படியான காரியம் ஒன்று: ஓர் அணியின் வேட்பாளர் பட்டியலில் மூன்றில் இரண்டு பங்குக்கு மேல் ஒரே பாலினத்தார் இருக்கக் கூடாது என்றது. அதற்கு முன் கவுன்சில்களில் பத்துக்கு ஒரு பெண்கூட இல்லை. 2012இல் நான்கில் ஒருவர் பெண். அரசியல் சாசனத்தையே திருத்தித்தான் இதைக் கொண்டுவர வேண்டியிருந்தது.

ஒன்பது பேர் கூடி என்ன செய்யலாம்? ஊர் மண்டபம், விளையாட்டு மைதானம், சின்ன நூலகம், முதியோர் நிகழ்ச்சி, பண்டிகை நிகழ்ச்சி. அதற்கு மேல் பெரும்பாலும் ‘சிபாரிசு’தான். டெண்டர் விடுவது, சாலை போடுவது, அனுமதி தருவது எல்லாம் மாவட்டக் கவுன்சில். அங்கேயும் நிர்வாகத் தலைமை தேர்ந்தெடுக்கப்பட்ட தலைவரிடம் இல்லை, தலைமை நிர்வாக அதிகாரியிடம். அவரையும் மற்ற ஊழியரையும் நியமிப்பது உள்ளாட்சிப் பணி ஆணையம். ஆகவே கவுன்சிலரிடம் “உங்க ஆளுங்க வேலையே செய்யல” என்று சண்டை போடுவதில் பயன் இல்லை. அவர்கள் அவருடைய ஆட்கள் இல்லை.

அதிகம் புகார் வருகிற விஷயம் சாலை. குழி விழுந்த சாலையைப் பற்றி எழுதுவதற்கு முன் அது யார் சாலை என்று பார்க்க வேண்டும். வரைபடத்தில் எம், ஏ, பி என்ற எழுத்தோடு எண் இருந்தால் அது சாலை மேம்பாட்டு ஆணையத்துடையது. கார்த்தியே மிலித்தேர் வழியாக ஃபிளாக்குக்கு வரும் ஏ7 இந்த வகை. பெல் ஏரிலிருந்து கடலோரமாகத் தெற்கே இறங்கும் பி28உம் இந்த வகை. எழுத்தும் எண்ணும் இல்லாத ஊர்ச் சாலை மாவட்டக் கவுன்சிலுடையது. மூன்றாவது வகைதான் வம்பு: யாருடையதும் இல்லாத சாலை. ‘மோர்செல்மான்’, அதாவது மனை பிரித்து விற்ற குடியிருப்பு, அதன் உள்ளே போட்ட தெரு, கவுன்சிலிடம் முறைப்படி ஒப்படைக்கப்படும் வரை தனியார் தெரு. மனை விற்றவர் வேலையை முடிக்காமல் போயிருந்தால் கவுன்சில் எடுத்துக்கொள்ளாது, தார் போடாது, விளக்கும் வைக்காது. பழைய சர்க்கரைத் தோட்டத்துக் ‘காம்’களில், அதாவது தொழிலாளர் குடியிருப்புகளில், உள்ள சந்துகள் இன்னும் தோட்டத்தின் பெயரிலேயே இருப்பதும் உண்டு. இருபது வருஷமாக மனு கொடுத்தும் நடக்கவில்லை என்று சொல்கிற தெருக்களை விசாரித்தால் பெரும்பாலும் இந்த மூன்றாவது வகைதான். அங்கே முதல் வேலை தார் கேட்பது இல்லை. தெருவைக் கவுன்சில் ஏற்றுக்கொண்டதா என்று எழுத்தில் கேட்டு, எழுத்தில் பதில் வாங்குவது. மனை வாங்கப் போகிறவர்கள் விலை பேசும் முன்பே இதைக் கேட்டுவிடலாம்.

தெருவிளக்கில் கம்பம் மின்சார வாரியத்துடையது, மேலே தொங்கும் விளக்கு கவுன்சிலுடையது. விளக்கு எரியவில்லை என்றால் கவுன்சில், கம்பம் சாய்ந்தால் வாரியம், எண் 130. குழாய்த் தண்ணீருக்கு மத்திய நீர் ஆணையம், எண் 170. குப்பை எடுப்பது மாவட்டக் கவுன்சில், போய்ச் சேர்வது கிரான் போர் மாவட்டத்து மார் ஷிகோஸ், 1997 முதல் தீவு முழுவதற்கும் அந்த ஒரே கிடங்கு. பக்கத்து மனையில் புதர் மண்டி எலி வந்தால் கவுன்சில் அந்த உரிமையாளருக்கு நோட்டீஸ் அனுப்ப முடியும். ஆனால் உரிமையாளர் யாரென்று கண்டுபிடிப்பதிலேயே காலம் போய்விடும். கால்வாயும் வெள்ளமும் தனிக் கதை. சாலை ஓரக் கால்வாய் சாலைக்காரருடையது, பெரிய வடிகால் வேலைகள் தேசிய மேம்பாட்டுப் பிரிவு வழியாக, இவற்றையெல்லாம் மேற்பார்க்க 2017ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி நில வடிகால் ஆணையம். எங்கே போவதென்றே புரியாவிட்டால் அரசின் குடிமக்கள் ஆதரவு இணையதளத்தில் பதிந்து, வருகிற எண்ணைக் குறித்து வைத்துக்கொள்ளலாம். புகார் எந்தத் துறைக்குப் போனதென்று பிறகு பார்க்க அந்த எண் உதவும்.

வீடு கட்டுவதற்கான ‘பெர்மி’, அதாவது கட்டிட நிலப் பயன்பாட்டு அனுமதி, மாவட்டக் கவுன்சில் தருவது. விண்ணப்பம் இப்போது இணையத்தில். படம், நிலப் பத்திரம், இட வரைபடம் எல்லாம் சரியாக இருந்தும் நிராகரிக்கப்படுவது இரண்டு காரணத்தால்தான் அதிகம். ஒன்று, குடியிருப்பு எல்லை. ஒவ்வொரு மாவட்டத்துக்கும் ஒரு வரைவுத் திட்ட வரைபடம் உண்டு, அதில் குடியிருப்பு எல்லைக் கோட்டுக்கு வெளியே இருக்கும் நிலம் விவசாய நிலமாகவே பார்க்கப்படும். நான்கு பக்கமும் வீடு வந்திருக்கலாம், கோடு உங்கள் மனைக்கு முன்னாலேயே நின்றிருக்கலாம். கரும்பு நிலத்தைக் குடியிருப்பாக்க 2001ஆம் ஆண்டு சர்க்கரைத் தொழில் சட்டத்தின் கீழ் நில மாற்ற அனுமதி தனியாக வேண்டும், அது கவுன்சில் தருவது இல்லை. மலிவாகக் கிடைக்கிறதே என்று கரும்பு மனை வாங்கிவிட்டு, பிறகு இந்த அனுமதிக்கு அலைகிறவர்கள் ஃபிளாக்கில் குறைவில்லை.

இரண்டாவது, பாகம் பிரியாத சொத்து. தாத்தா பெயரில் நிலம், ஆறு பிள்ளைகள், இருபது பேரப்பிள்ளைகள், பாதிப் பேர் பிரான்சிலும் ஆஸ்திரேலியாவிலும். இங்கே வாரிசுரிமை பிரெஞ்சு மரபுச் சட்டப்படி. பாகம் பிரிக்காத நிலத்தில் ஒருவர் மட்டும் கட்ட வேண்டுமென்றால் மற்றப் பங்காளிகளின் எழுத்துபூர்வச் சம்மதம் வேண்டும். ஒருவர் கையெழுத்துப் போட மறுத்தாலும் வேலை நின்றுவிடும். தாத்தா பாட்டி உயிரோடு இருக்கும்போதே நோத்தேரிடம், அதாவது பத்திரம் எழுதும் நோட்டரியிடம், போய்ப் பாகம் பிரித்துப் பதிந்துவிடுவது மலிவான வழி. பெரியவர்களிடம் இந்தப் பேச்சை எடுக்கக் கூச்சம் என்கிறார்கள். அந்தக் கூச்சத்துக்குப் பின்னால் கோர்ட் செலவு வரிசையில் நிற்கிறது.

பதிவு அலுவலகத்தை ஊரில் ‘எத்தா சிவில்’ என்பார்கள். பிறப்பை 45 நாளுக்குள் பதிய வேண்டும், தாண்டினால் மாவட்ட நீதிபதி வரை போக வேண்டிய ‘தாமதப் பதிவு’. நம்மவர்களுக்கு இங்கே பெரும் தொல்லை பெயர் எழுத்து. பிரெஞ்சு காதில் கேட்டபடி எழுதிய காலத்திலிருந்து ஒரே குடும்பத்தில் ஒருவர் பத்திரத்தில் ‘ஊ’ ஒலிக்கு இரண்டு ஓ, இன்னொருவருக்கு ஓ யு, மூன்றாமவருக்கு வெறும் யு. அண்ணன் தம்பி வேறு வேறு குடும்பப் பெயர்க்காரர்கள் போலத் தெரிவார்கள். தேசிய அடையாள எண்ணின் 14 இடங்களில் முதலாவது குடும்பப் பெயரின் முதல் எழுத்து, அடுத்தது பிறந்த தேதி. ஆகவே பெயரின் தொடக்க எழுத்தே வேறுபட்டால் சங்கடம் அட்டையோடு நிற்காது. வெறும் எழுத்துப்பிழை என்றால் பதிவாளர் மட்டத்தில் திருத்தலாம். அதற்கு மேற்பட்டது நீதிமன்றம். பெயரையே மாற்றுவதென்றால் அட்டர்னி ஜெனரலுக்கு மனு. பாஸ்போர்ட் எடுக்கிற வாரத்தில் இதைத் தொடங்காமல், பிறப்புச் சான்று கையில் கிடைத்த அன்றே ஒவ்வொரு எழுத்தாகச் சரிபார்த்துவிடுவது நல்லது.

முகவரியும் தொல்லைதான். ஒவ்வொரு ஊரிலும் ஒரு ராயல் ரோடு, வீட்டு எண் பல இடங்களில் கிடையாது. முகவரிச் சான்றாகக் கேட்பது அண்மை மாத மின்சார பில் அல்லது தண்ணீர் பில். பில் மாமனார் பெயரில் இருந்தால் அவர் கையெழுத்திட்ட ஒரு கடிதமும் அவர் அடையாள அட்டை நகலும் சேர்த்துக் கொண்டுபோனால் இரண்டாம் முறை அலைய வேண்டியிராது.

மக்கள்தொகைக் கணக்கெடுப்பு இரண்டு சுற்றாக நடக்கும். முதலில் வீடுகளை எண்ணிப் பட்டியல் போடுவார்கள், சில மாதம் கழித்து ஆட்களை எண்ணுவார்கள். 2011இல் ஜூலை 3ஆம் தேதி இரவு யார் எங்கே இருந்தார்கள் என்பதை வைத்துக் கணக்கு. அடுத்தது 2021இல் நடந்திருக்க வேண்டியது, கோவிட் காரணமாக 2022க்குத் தள்ளிப்போனது. அப்போது காகிதப் படிவத்துக்குப் பதில் டேப்லெட் வந்தது. முதல் சுற்றில் விட்டுப்போன வீடு இரண்டாம் சுற்றிலும் விட்டுப்போகும். ஒரே வளவில் மாடிக்கு ஒரு பிள்ளை, பின்கட்டுக்கு ஒரு பிள்ளை என்று தனித்தனிச் சமையல் நடக்கும் நம் குடும்பங்களில் இது எளிதாக நடக்கக்கூடியது. அடுப்பு தனி என்றால் குடும்பமும் தனி என்று எண்ணுபவரிடம் சொல்லிவிட வேண்டும். 2011இல் மொரிஷியஸ் தீவின் தொகை 11,96,383. 2022இல் அது 11,91,280. பதினோரு ஆண்டில் கூடவில்லை, கொஞ்சம் குறைந்தே இருக்கிறது. பிள்ளைகள் குறைவு, வெளிநாடு போனவர்கள் அதிகம். கிராமப் பள்ளிகளில் வகுப்பு சுருங்குவதை ஆசிரியர்கள் இந்தக் கணக்கு வரும் முன்பே பார்த்துவிட்டார்கள்.

படிவத்தில் மொழியைப் பற்றி இரண்டு கேள்விகள் இருந்தன. முன்னோர் பேசிய மொழி ஒன்று, வீட்டில் அதிகம் பேசும் மொழி மற்றொன்று. இரண்டாவதற்கு 2011இல் தீவில் பத்தில் எட்டுப் பேருக்கு மேல், பிரெஞ்சிலிருந்து பிறந்த ஊர்ப் பேச்சு மொழியான கிரியோல் என்றார்கள். நம்மவர்களும் அப்படித்தான். முதல் கேள்விக்கும் கையோடு ‘கிரியோல்’ என்று சொல்லிவிட்டால் அந்தக் குடும்பம் தமிழ் வம்சாவளி எண்ணிக்கையில் வராது. இரண்டும் வேறு கேள்வி என்பதை வீட்டில் பதில் சொல்லப்போகிறவருக்கு முன்கூட்டியே சொல்லி வைக்கலாம். இன்னொன்றும் தெரிந்திருக்க வேண்டும். ‘எந்தச் சமூகம்’ என்ற கேள்வி 1972க்குப் பிறகு கணக்கெடுப்பில் இல்லை. நாடாளுமன்றத்தில் சமூகச் சமநிலைக்காகத் தோற்ற வேட்பாளர்களுக்குக் கூடுதலாக எட்டு இடங்கள் வரை ஒதுக்கும் ‘பெஸ்ட் லூசர்’ முறைக்கு இன்றைக்கும் அந்த 1972 எண்களே அடிப்படை. அரசியல் சாசனம் அங்கீகரிக்கும் நான்கு பிரிவுகளில் தமிழர் என்று தனியாக ஒன்று இல்லை, இந்துப் பிரிவுக்குள் அடக்கம்.

வாக்காளர் பட்டியல் கணக்கெடுப்போடு சம்பந்தப்படாதது, ஆண்டுதோறும் வீடு வீடாகச் சரிபார்த்து ஆகஸ்ட் 16 முதல் நடைமுறைக்கு வருவது. ஆகஸ்ட் 15க்குள் 18 வயது நிறைகிறவர்கள் அந்த ஆண்டே சேரலாம். இந்தியா, இலங்கை, மலேசியா போன்ற காமன்வெல்த் நாட்டுக் குடியுரிமையோடு இங்கே இரண்டு ஆண்டு வசித்தவர்களுக்கும் பொதுத் தேர்தலில் வாக்குரிமை உண்டு. மருமகளாக வந்து பத்து வருஷமாகியும் “நமக்கென்ன ஓட்டு” என்று பெயர் கொடுக்காமல் இருக்கிறவர்கள் உண்டு. சரிபார்ப்புக்கு ஆள் வரும்போது பாஸ்போர்ட்டையும் குடியிருப்பு அனுமதியையும் எடுத்துக் காட்டிப் பெயர் கொடுக்கலாம். பட்டியல் பார்வைக்கு வைக்கப்படும் நாட்களில் போய், பெயர் விழுந்திருக்கிறதா, எந்த எழுத்தில் விழுந்திருக்கிறது என்று பார்த்துவிட்டும் வரலாம்.